காதால் பதம் பார்த்தவர்

பதினொரு மணி தாண்டி ஐந்து நிமிடம் ஆனதும் எதிர் உணவகத்தின் பின்கதவு திறக்கும். முதலில் ஒரு வாளி வரும், பிறகு மீசை வரும், அதற்கும் பிறகுதான் ஆள் வருவார். அவர் கையில் ஒரு வெள்ளைத் தலையணை உறை இருக்கும். உறையின் வாயை முறுக்கி மணிக்கட்டில் இரண்டு சுற்றுச் சுற்றியிருப்பார். மூன்றாவது படியில் நின்று, இடது கையைச் சுவரில் ஊன்றி, வலது கையால் உறையைச் சுழற்றத் தொடங்குவார். முதல் நாலு சுற்று மெதுவாக. அப்புறம் விசுக் விசுக்கென்று முப்பது. தண்ணீர் சுவரில் அரைவட்டமாகத் தெறிக்கும். நிறுத்தி, உறைக்குள் கைவிட்டு ஒரே ஒரு லெட்யூஸ் இலையை எடுத்து, தன் சட்டையின் கைமடிப்பில் ஒற்றிப் பார்ப்பார். துணியில் ஈரம் தெரிந்தால் இன்னும் பத்து சுற்று. தெரியாவிட்டால் உள்ளே போய்விடுவார்.

பத்து நிமிடம் கழித்து மறுபடியும் வருவார். இந்தத் தடவை கையில் ஒரு தட்டு, அதில் வறுத்த ரொட்டித் துண்டுகள். ஒன்றை எடுத்து வலது காதருகே கொண்டுபோய், கண்ணை மூடிக்கொண்டு, இரண்டு விரலால் உடைப்பார். கொஞ்ச நேரம் அப்படியே நிற்பார். தலை ஆடினால் பதம் சரி என்று அர்த்தம். உடைந்த இரண்டு பாதியையும் தட்டிலேயே போட்டுவிட்டு உள்ளே போவார். ஒன்றைக்கூட வாயில் போட்டதில்லை.

இதையெல்லாம் இரண்டு வருடமாக மாடி ஜன்னலிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தவன் பல் செய்பவன். சந்துக்கு இந்தப் பக்கம் இருந்த பல் மருத்துவமனையின் பின்னறைதான் அவன் பட்டறை. மெழுகு உருக்கும் சின்ன விளக்கு, தேய்க்கும் மோட்டார், எதைத் தொட்டாலும் ஒட்டிக்கொள்ளும் வெள்ளை மாவு. டாக்டர் எடுக்கும் அளவுகள் அவனிடம் சுண்ணாம்பு வார்ப்பாக வரும். முகம் வராது, பெயர் வராது. அடியில் பென்சிலால் எழுதிய நம்பர் மட்டும் வரும். பெயரெல்லாம் முன்மேஜையில் அவனுடைய அக்காவின் பதிவேட்டில். அவளுக்குத்தான் அங்கே வரவேற்பு வேலை. ஒரு தடவை கேட்டுப் பார்த்தான்.

"பேரு உனக்கெதுக்குடா? பல்லுல பேரா முளைச்சிருக்கு? நம்பரைப் பாத்து வேலையைப் பாரு."

அதனால் அவனுக்கு ஊரில் பாதிப் பேருடைய கடைவாய் தெரியும், யார் என்று தெரியாது. தெருவில் யாராவது சிரித்தால் முகத்தைப் பார்க்க மாட்டான், பல்லைப் பார்ப்பான். எதிர் உணவகத்து மீசைக்காரர் மட்டும் அவனுக்குப் பிடிபடவே இல்லை. மேலுதட்டை மூடி, கீழுதட்டின் மேலும் பந்தல் போட்டிருந்தது அந்த மீசை. சிரித்தாலும் மீசைதான் சிரிக்கும்.

அவரைப் பற்றி அக்கா சொல்லித்தான் கொஞ்சம் தெரியும். இருபத்திரண்டு வருடம் சலவைக் கடையில் இஸ்திரி போட்டவர். கடை மூடியதும் உணவகத்தில் மேஜைத் துணி துவைக்க வந்தார். சாலட் செய்துகொண்டிருந்த பெண் வேறு ஊருக்குப் போனபோது, கை சுத்தமான ஆள் என்று முதலாளியம்மா அவரை அங்கே நிறுத்திவிட்டார். அன்றிலிருந்து அவர் இலையைத் துணி மாதிரியே நடத்தினார். மூன்று தண்ணீரில் அலசுவார், உதறுவார், பிழிய மாட்டார். கசங்கிய இலை தட்டுக்குப் போகாது.

ஒரு செவ்வாய்க்கிழமை பல் செய்பவனின் மேஜைக்கு ஓரம் சில்லு போன ஒரு பல் தொப்பி வந்தது. பல்லின் மேல் மாட்டும் பீங்கான் உறை அது. அதன் சொந்தக்காரர் மூன்று வாரமாகச் சட்டைப்பையில் போட்டுக்கொண்டு அலைந்திருக்கிறார். பூதக்கண்ணாடியில் பார்த்தபோது உட்புறத்தில் பழுப்பாக ஒரு துணுக்கு இறுகிக் கிடந்தது. ஊசியால் நெம்பி எடுத்து முகர்ந்தான். பூண்டு வாசனை.

ஜன்னலைப் பார்த்தான். மீசைக்காரர் படியில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் தலையணை உறை சுழற்றப்படாமல் சொட்டிக்கொண்டிருந்தது. இரண்டு வருடத்தில் இப்படி நடந்ததே இல்லை.

அவன் கூச்சக்காரன்தான். ஆனால் விடை தெரியாவிட்டால் தூக்கம் வராத கூச்சக்காரன். துணுக்கை ஒரு பாட்டில் மூடியில் வைத்து எடுத்துக்கொண்டு இரும்புப் படியில் இறங்கினான்.

"என்ன தம்பி," என்றார் அவர் நிமிர்ந்து, "இன்னிக்கு ஜன்னலே இறங்கி வந்திருக்கு?"

அவனுக்குக் காது சூடானது. மூடியை நீட்டினான். "அண்ணே, இது உங்களுதா?"

அவர் துணுக்கை எடுத்துக் காதருகே வைத்து நசுக்கினார். "நம்ம பிள்ளைதான். எங்க மாட்டிக்கிச்சு?"

"ஒருத்தர் பல்லுல."

"ஓ. அந்தத் தபால்காரரா?"

அப்புறம் அவரே சொன்னார். மாதத்தின் முதல் வெள்ளிக்கிழமை ஓய்வுபெற்ற தபால்காரர்கள் சங்கம் இங்கேதான் மதியம் சாப்பிடும். முப்பத்தெட்டுப் பேர். போன மாதம் அதில் ஒருவர் ரொட்டித் துண்டைக் கடித்தார், உடைந்தது ரொட்டி அல்ல. உடைந்ததைக் கைக்குட்டையில் வைத்துக் கல்லாவில் காட்டிவிட்டுப் போனார். வருகிற வெள்ளிக்கிழமை மறுபடியும் அவர்கள் வருகிறார்கள்.

"அம்மா தெளிவா சொல்லிட்டாங்க. இன்னொரு பல்லு போச்சுன்னா பாக்கெட் ரொட்டிதானாம். இலையும் வெட்டின இலையா பாக்கெட்ல வருதாம். நான் பழையபடி மேஜைத் துணிக்குப் போயிடணும்." உறையைத் தடவினார். "துணி மேல எனக்கு ஒரு கோபமும் இல்ல தம்பி. ஆனா இருபத்திரண்டு வருஷம் நான் வெளுத்ததை எல்லாரும் அழுக்காக்கித்தான் திருப்பிக் கொடுத்தாங்க. இங்கதான் தட்டு காலியா வருது."

"எங்க தப்பாச்சுன்னு தெரியலையா?"

"சத்தம் சரியாத்தான் இருந்துச்சே. அன்னிக்குக் கணீர்னு இருந்துச்சு."

"நீங்க ஒண்ணைக் கடிச்சுப் பாத்திருக்கலாமே அண்ணே?"

அவர் வாளியைப் பார்த்தார். "ஆக்கறவன் கடிச்சுப் பாக்க ஆரம்பிச்சா தட்டுல என்ன மிஞ்சும்? எனக்குக் காது போதும்."

பேச்சை அங்கேயே மடித்து வைத்துவிட்டார். ஆனால் பல் செய்பவனுக்கு ஒன்று குடைந்தது. நன்றாக மொறுமொறுக்கும் துண்டும் சத்தம் போடும், கல்லாக இறுகிய துண்டும் சத்தம் போடும். இரண்டையும் காது எப்படிப் பிரிக்கும்?

"மூணு மணிக்கு மேல வாங்க அண்ணே. எங்கிட்ட ஒரு தாடை இருக்கு."

அவர் அவன் தாடையைப் பார்த்தார். "எல்லார்கிட்டயும்தான் இருக்கு."

"இது பித்தளைத் தாடை."

மூன்று மணிக்கு ஒரு பிஸ்கட் டப்பாவோடு பின்படியில் ஏறி வந்தார். முன்வாசல் அவருக்கு வசதிப்படாது என்றார். அதில் ஆச்சரியமில்லை. இரண்டு கட்டடத்தின் முன்வாசலும் சந்தின் தெருமுனையில் எதிரெதிரே, முதலாளியம்மாவின் கல்லா மருத்துவமனை வாசலை நேராகப் பார்த்தபடி இருந்தது. யார் உள்ளே போகிறார்கள் என்பதை அந்த அம்மாள் வானிலை அறிக்கை மாதிரி உணவகத்துக்கே வாசிப்பார்: "காலையிலேர்ந்து ரெண்டு கன்னம் வீக்கம், ஒரு கம்பி, ஒரு அழுகை."

மேஜையில் இருந்தது கீல் வைத்த ஒரு கருவி. மேல் வார்ப்பையும் கீழ் வார்ப்பையும் அதில் பொருத்தினால் வாய் மாதிரியே திறந்து மூடும். செய்த பல் சரியாக முட்டுகிறதா என்று பார்ப்பதற்கு. பழைய வார்ப்பு ஒன்றை மாட்டி, நடுவில் ஒரு ரொட்டித் துண்டை வைத்து அழுத்தினான். பொடுக்கென்று ஒரு சுண்ணாம்புக் கடைவாய்ப் பல் உதிர்ந்து மேஜையில் உருண்டது.

"ஆச்சு," என்றார் மீசைக்காரர். "வெள்ளிக்கிழமைக்குக் காத்திருக்க வேண்டியதில்ல."

"இது சுண்ணாம்பு அண்ணே, தாங்காது. செஞ்ச பல்லு வேணும்."

முடித்த வேலையெல்லாம் உரியவரிடம் போயிருந்தது, ஒன்றைத் தவிர. அலமாரியின் மேல்தட்டில் எட்டு மாதமாக ஒரு பெட்டி. அடியில் 212 என்ற நம்பர். தூசியை ஊதிவிட்டு எடுத்து மாட்டினான்.

"இவருக்கு முன்பல்லு எல்லாம் சொந்தம். கடைவாய் நாலு பக்கமும் காலி. பின்னாடி இருக்கறது பூரா நம்ம வேலை."

மீசைக்காரர் குனிந்தார். வெகுநேரம் நிமிரவில்லை.

"யாருது?"

"நம்பர்தான் தெரியும். அளவு கொடுத்தாரு, வாங்க வரவே இல்ல. அக்கா மூணு தடவை போன் பண்ணிட்டா."

"முன்னாடி ஒரு பல்லு கொஞ்சம் உள்ள தள்ளி நிக்குதே."

"கூச்சக்காரப் பல்லு அண்ணே. கூட்டத்துல பின்னாடி நிக்கும்."

மீசை அசையவில்லை. "இதுல வெச்சுக் கடிச்சா, அந்த ஆளு கோவிச்சுக்க மாட்டாரா?"

"கழுவி வெச்சா அவருக்கு எப்படித் தெரியும்?"

"அதுவும் சரிதான்," என்றார்.

துண்டை வைத்து அழுத்தினான். தாடை இறங்கி நின்றது. இன்னும் அழுத்தினான். 'டக்' என்று வெடித்து, பாதி போய் ஜன்னல் கண்ணாடியில் அடித்தது.

"நல்ல சத்தம்," என்றார் அவர், தன்னையறியாமல்.

"சத்தத்தை விடுங்க. நீங்க அழுத்துங்க."

அவர் கை வைத்தார். இஸ்திரிப் பெட்டி பிடித்த கை, எலும்பெல்லாம் அகலம். முதல் அழுத்தத்தில் ஒன்றும் ஆகவில்லை. அடுத்ததில் தோள் இறங்கியது. உடைந்தபோது கையை எடுக்காமல் அப்படியே நின்றார். இவ்வளவு நாளும் காது சொல்லாத ஒன்றை உள்ளங்கை சொல்லிவிட்ட மாதிரி இருந்தது முகம்.

"இத்தனை பலம் வேணுமா இதைக் கடிக்க?"

"உங்களுக்குத் தெரியாதா அண்ணே?"

அவர் ஒரு துண்டை எடுத்துக் குறுக்காக அறுத்து உள்ளே பார்த்தார். நடுவரை ஒரே பழுப்பு. கணீரென்ற சத்தத்துக்காக ஒவ்வொரு மாதமும் ஓவனில் இன்னும் ஐந்து நிமிடம், இன்னும் ஐந்து நிமிடம் என்று கூட்டிக்கொண்டே போயிருக்கிறார். இளஞ்சூட்டில் ஒரு மணி நேரம். ரொட்டி வறுபடவில்லை, வற்றியிருந்தது.

"சட்டை முழுக்கக் கஞ்சி போட்டுட்டேன் தம்பி," என்றார். "காலருக்கு மட்டும் போட வேண்டியது. காலர் விறைப்பா நிக்கணும், சட்டை சட்டையா இருக்கணும். முழுக்க விறைச்சா போட்டுக்கறவனுக்குத்தான் கீறும்."

புதன்கிழமை இரண்டு டப்பாவோடு வந்தார். கத்தியில் சதுரமாக நறுக்குவதை விட்டுவிட்டு, முந்தின நாள் ரொட்டியைக் கையால் பிய்த்திருந்தார். பிய்த்த துண்டுக்கு மெல்லிய முனைகள் நிறைய. அவை முதலில் சிவக்கும், நடு தப்பிக்கும். எண்ணெயில் பூண்டைத் தட்டிப் போட்டு, வாசனை இறங்கியதும் பூண்டை வடித்து எறிந்துவிட்டாராம். கூடவே போனால் அது கருகிக் கசக்கும். முதல் டப்பா பித்தளைத் தாடையில் நசநசவென்று ஒட்டிக்கொண்டது. சூடாக இருக்கும்போதே மூடிவிட்டார், வேர்த்துவிட்டது. இரண்டாவது பரவாயில்லை.

வியாழக்கிழமை மதியம் மூன்றாவது முறை. நல்ல சூட்டில் பத்தே நிமிடம், நடுவில் ஒரு குலுக்கல், ஆறும்வரை திறந்த தட்டு. தாடை இறங்கியது. 'கறுக்' என்று முனை நொறுங்கி, நடுப்பகுதி மெத்தென்று அமுங்கிக் கொடுத்தது. பல் செய்பவனின் கைக்கு ஒரு குழந்தையின் கையைக் குலுக்குகிற அளவு பலம்தான் வேண்டியிருந்தது.

"இதுதான் அண்ணே!"

அவர் முகம் வாடியது. "சத்தம் சின்னதா இருக்கே."

"இருந்தா என்ன?"

"என்னவா? எட்டு வருஷமா அந்தச் சத்தத்தை வெச்சுத்தான் நான் தொழில் பண்றேன். இது என்னமோ காகிதம் கிழிக்கற மாதிரி..." இன்னொன்றை எடுத்துக் காதில் உடைத்தார். இன்னொன்று. மேஜையெல்லாம் தூள். காது ஒன்று சொல்கிறது, கை ஒன்று சொல்கிறது, இரண்டில் எதை நம்புவது என்று அவர் நின்றுகொண்டிருந்தபோதுதான் அக்கா வந்தாள்.

"டேய், பல்லை வெச்சு பொம்மலாட்டமா நடத்தறீங்க? டாக்டர் பாத்தா..."

அங்கேயே நின்றுவிட்டாள். தாடையில் மாட்டியிருந்ததைப் பார்த்தாள். அடியில் இருந்த நம்பரைப் பார்த்தாள். மீசைக்காரரைப் பார்த்தாள். வழக்கமாக இதற்கெல்லாம் அரைமணி நேரம் திட்டுவாள். அன்று, "கழுவி வை. நல்லாக் கழுவி வை," என்று மட்டும் சொல்லிவிட்டுப் போய்விட்டாள். பூனை பாலைக் குடிக்காமல் போன மாதிரி இருந்தது அவனுக்கு. தலைவலியாக இருக்கும் என்று நினைத்துக்கொண்டான்.

மீசைக்காரர் டப்பாவை மூடப் போய், நினைவு வந்து, திறந்தபடியே எடுத்துக்கொண்டார். "எதை வெக்கப் போறீங்க அண்ணே?" என்றான்.

"கை சொன்னதைத்தான்," என்றார். அவ்வளவு நிச்சயமாகச் சொல்லவில்லை.

வெள்ளிக்கிழமை பல் செய்பவன் உணவகத்தில் ஓர் ஓரமேஜை பிடித்தான். அங்கிருந்து சாலட் மேடை தெரிந்தது. அகலமான பாத்திரத்தின் உட்புறம் பூண்டைத் தேய்த்தார் மீசைக்காரர். எலுமிச்சைச் சாறு, உப்பு, அரைத்த கடுகு கொஞ்சம். எண்ணெயை நூலாக ஊற்றி அடித்தார். அதன் மேல் இலைகள். கரண்டி தொடவில்லை. இரண்டு கையையும் அடியில் விட்டு, தூங்குகிற பிள்ளையைத் தூக்குவதுபோல் தூக்கித் தூக்கிப் போட்டார். ஒவ்வொரு இலையும் மினுங்கியது, ஒன்றும் சொட்டவில்லை. வெள்ளரிக்காய், வெங்காயத்தாள். ரொட்டியை மட்டும் கலக்காமல், தட்டு மேஜைக்குப் போகிற நேரத்தில் மேலே தூவினார்.

முப்பத்தெட்டுத் தபால்காரர்களும் சத்தமாகப் பேசுகிறவர்கள். வாழ்நாளெல்லாம் கதவுக்கு வெளியே நின்று கூப்பிட்டவர்கள். "ஆட்டுத் தீவனம் வந்தாச்சு!" என்று ஒருவர் வரவேற்றார். புதுப் பல் தொப்பி மாட்டியிருந்தவரைப் பல் செய்பவனுக்குச் சட்டென்று அடையாளம் தெரிந்தது. அவர் தன் தட்டில் இருந்த ரொட்டித் துண்டுகளை, முன்பு கடித்த நாயைப் பார்ப்பதுபோல் பார்த்தார். ஒவ்வொன்றாகத் தட்டின் ஓரத்துக்குத் தள்ளினார். இலையை மட்டும் சாப்பிட்டார்.

கல்லாவில் முதலாளியம்மா எண்ணுவதை நிறுத்தியிருந்தார். மேடையில் மீசைக்காரரின் கைகள் பாத்திரத்துக்குள் இருந்தன, அசையவில்லை.

பக்கத்தில் இருந்தவர் முழங்கையால் இடித்தார். "கடிக்குமோன்னு பயமா? முப்பது வருஷம் நாயோட குடும்பம் நடத்தினவன்தானே நீ?"

"அந்த நாயெல்லாம் கால்லதான்யா கடிச்சுது."

சிரிப்பு எழுந்தது. அந்தச் சிரிப்பின் மறைவில் அவர் ஒரு துண்டை எடுத்து வாயின் மறுபக்கத்தில் வைத்தார். கண்ணை இடுக்கினார். கடித்தார். சத்தம் ஓரமேஜை வரை வரவில்லை. மென்றார். ஓரத்தில் ஒதுக்கி வைத்திருந்தவை ஒன்றன்பின் ஒன்றாக உள்ளே போயின. அப்புறம் பக்கத்துக்காரரின் தட்டிலிருந்து இரண்டு.

"தபாலைத் திருடினா ஜெயில், தெரியுமில்ல?" என்றார் பக்கத்துக்காரர்.

"மீசை!" என்று கல்லாவிலிருந்து குரல் வந்தது. "அந்தப் பாக்கெட்காரன் சாயந்தரம் வந்தா நானே பேசிக்கறேன். நீ இன்னும் நாலு தட்டு கலக்கு."

கூட்டம் கலைந்ததும் பல் செய்பவன் தன் தட்டை மேடைக்கே எடுத்துக்கொண்டு போனான். ஒரு துண்டு மிச்சம் வைத்திருந்தான். "அண்ணே, இப்பவாவது ஒண்ணு."

அவர் வாங்கிக்கொண்டார். காதருகே கொண்டுபோய் உடைத்தார். தலையாட்டினார். இரண்டு பாதியையும் தட்டில் திருப்பி வைத்துவிட்டு, "நல்லாயிருக்கு," என்றார்.

திங்கட்கிழமை காலை அலமாரியின் மேல்தட்டில் பெட்டி இல்லை.

"212 எங்கக்கா?"

"வந்து வாங்கிட்டுப் போயாச்சு."

"அப்பாடா. யாரு?"

"நம்பர்," என்றாள் அவள், பதிவேட்டிலிருந்து தலையைத் தூக்காமல்.

அன்று பதினொன்றே காலுக்குப் பின்கதவு திறந்தது. தட்டு வந்தது, துண்டு காதுக்குப் போனது, உடைந்தது. பிறகு பல் செய்பவன் ஜன்னலில் இன்னும் கொஞ்சம் குனிந்தான். உடைந்த இரண்டு பாதியும் மீசைக்கு உள்ளே போயின. அவர் நின்ற இடத்திலேயே நின்று, சந்தின் கோடியைப் பார்த்தபடி, மிக மெதுவாக, பாஷை தெரியாத ஊரில் வழி கேட்கிறவர் மாதிரி மென்றார். ஒரு வாரத்தில் வேகம் வந்துவிட்டது. ஆக்கறவன் கடித்துப் பார்த்தால் தட்டில் என்ன மிஞ்சும் என்று சொன்ன மனிதர் ஏன் மாறினார் என்று அவன் இரண்டு மாதம் யோசித்தான். வெள்ளிக்கிழமை ஜெயித்ததில் வந்த துணிச்சல் என்று முடிவு கட்டினான்.

இரண்டு மாதம் கழித்து அக்கா மூன்று நாள் விடுப்பில் போனாள், அவன் முன்மேஜையில் உட்கார வேண்டியதாயிற்று. அங்கிருந்து பார்த்தால் எதிர்க் கல்லாவும் முதலாளியம்மாவின் மூக்குக்கண்ணாடியும் நேராகத் தெரிந்தன. வேறொரு நம்பரைத் தேடிப் பதிவேட்டைப் புரட்டியபோது அக்காவின் பொடிக் கையெழுத்தில் அந்தப் பக்கம் வந்தது.

212. தொழில்: எதிர் உணவகம், சாலட். அளவு எடுத்தது: உணவகத்துக்கு வெள்ளையடிக்க ஒரு வாரம் மூடியபோது. போன், மூன்று முறை. 'அம்மா கல்லாவுல இருக்காங்க, பல்லு இல்லாதவன்னு தெரிஞ்சா சமையல்ல வெச்சுக்க மாட்டாங்க' என்கிறார். வாங்கிக்கொண்டது: சனிக்கிழமை, பின்படி வழியாக. குறிப்பு: ஒரே ஒரு கேள்வி கேட்டார் — நல்லாக் கழுவியாச்சா, பூண்டு வாசனை வருமே என்று.